ராய் கிருஷ்ணா: லம்பாசாவிலிருந்து கிளம்பிய ஒரு ஸ்ட்ரைக்கர்

2016 ஆகஸ்ட் 7. பிரேசிலின் சல்வடோர் நகரில் ஃபோன்ட்டே நோவா மைதானம். ஒலிம்பிக் கால்பந்தின் நடப்புச் சாம்பியனான மெக்சிகோவுக்கு எதிரே ஃபிஜி நிற்கிறது. மூன்று நாள் முன்னால்தான் இதே மைதானத்தில் தென் கொரியா ஃபிஜி வலைக்குள் எட்டுப் பந்துகளைப் போட்டிருந்தது. அன்றைக்கு எத்தனை விழும் என்பதுதான் பார்க்க வந்தவர்களின் ஒரே கேள்வி. பத்தாவது நிமிடத்தில் ஃபிஜியின் கேப்டன் பந்தைத் தலையால் முட்டினார். கோல். ஒலிம்பிக் கால்பந்தில் ஃபிஜி போட்ட முதல் கோல் அது. இடைவேளையில் ஸ்கோர்போர்டு ஃபிஜி 1, மெக்சிகோ 0 என்று காட்டியது.

இரண்டாம் பாதியில் மெக்சிகோ ஐந்து கோல் போட்டது. எரிக் குட்டியர்ரெஸ் என்ற ஒருவரே நான்கு. அடுத்த ஆட்டத்தில் ஜெர்மனி பத்து. மூன்று ஆட்டங்களில் வாங்கியது 23, கொடுத்தது ஒன்று. அந்த ஒன்றைக் கொடுத்தவர் ராய் கிருஷ்ணா. அப்போது அவருக்கு வயது 28, மூன்று வாரத்தில் 29.

இந்தியாவில் கால்பந்து பார்ப்பவர்களுக்கு அவரை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. கொல்கத்தாவிலும் பெங்களூருவிலும் புவனேஸ்வரிலும் அவர் பெயரைச் சொல்லி மைதானம் எழுந்து நின்றிருக்கிறது. நான் இங்கே அவரது சாதனைகளை வரிசைப்படுத்தப் போவதில்லை. ஒரே ஒரு கேள்வியைப் பிடித்துக்கொண்டு அவரது ஆட்ட வாழ்க்கையைப் பார்க்கப் போகிறேன். இவ்வளவு கோல் போடத் தெரிந்த ஒருவருக்கு முதல் முழுநேரத் தொழில்முறை ஒப்பந்தம் கிடைக்க ஏன் 26 வயது ஆனது? எனக்குக் கிடைத்த பதில் அவர் காலில் இல்லை. அவர் பிறந்த இடத்திலும், அந்த இடத்தைச் சுற்றி மற்றவர்கள் போட்டு வைத்திருந்த விதிகளிலும் இருக்கிறது.

கரும்பு ஊர், பந்து ஊர்

ராய் கிருஷ்ணா 1987 ஆகஸ்ட் 30 அன்று லம்பாசாவில் பிறந்தார். ஃபிஜியின் இரண்டாவது பெரிய தீவான வானுவா லேவுவில் இருக்கும் ஊர் அது. (ஆங்கிலத்தில் எழுதும்போது 'ம்' வராது. ஃபிஜி மொழியில் 'ப'வுக்கு முன்னால் ஒரு மெல்லொலி தானாகவே சேர்ந்துகொள்ளும், அதனால் லம்பாசா.) 1894இல் அங்கே சர்க்கரை ஆலை வந்தது. ஆலைக்குக் கரும்பு வேண்டும், கரும்புக்கு ஆள் வேண்டும். 1879 முதல் 1916 வரை ஒப்பந்தக் கூலிகளாக ஃபிஜிக்குக் கப்பலேற்றப்பட்ட இந்தியர்கள் 60,000க்கும் மேல். ஆரம்பத்தில் கல்கத்தாவிலிருந்து மட்டும் கப்பல் போனது. 1903 முதல் சென்னையிலிருந்தும் போகத் தொடங்கியது. தமிழர்களும் தெலுங்கர்களும் மலையாளிகளும் அந்தத் தீவுகளுக்குப் போய்ச் சேர்ந்தது அப்படித்தான்.

அவர்களின் பேரப்பிள்ளைகள் கால்பந்தைத் தங்களுடையதாக்கிக்கொண்டார்கள். ஃபிஜியில் இது மிக முக்கியமான விஷயம். அங்கே ரக்பிதான் தேசத்தின் விளையாட்டு. பெரும்பாலும் பூர்வகுடி ஃபிஜியர்களின் விளையாட்டு. கால்பந்தை வளர்த்தவர்கள் இந்திய வம்சாவளியினர். இன்றைய ஃபிஜி கால்பந்துச் சங்கம் 1938இல் தொடங்கியபோது அதன் பெயரிலேயே 'இந்தியர்' என்ற சொல் இருந்தது. மாவட்டங்களுக்கு இடையிலான சாம்பியன்ஷிப்பும் அதே ஆண்டு தொடங்கி இன்றுவரை நடக்கிறது. 1960களின் தொடக்கத்தில்தான் சங்கம் எல்லா இனத்தவருக்கும் கதவைத் திறந்தது. தென்னிந்தியர்கள் 1926இல் நாடியில் தொடங்கிய தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கம் பள்ளிக்கூடங்கள் நடத்துவதோடு ஆண்டுதோறும் மாநாடு கூட்டுகிறது. அந்த மாநாட்டோடு சேர்ந்து கால்பந்துப் போட்டியும் நடக்கும். கோயில் திருவிழாவுக்குப் போகிற மாதிரி குடும்பத்தோடு கிளம்பிப் போவார்கள்.

ஆகவே லம்பாசாவில் பிறந்த ஒரு பையனுக்குப் பந்து கிடைக்காமல் இருந்திருக்காது. மைதானமும் உண்டு, ஆட்டத்தைப் புரிந்துகொண்டு கத்துகிற கூட்டமும் உண்டு. மாவட்ட அணிக்கு ஆடினால் ஊரே தெரிந்துவைத்திருக்கும். இல்லாதது அதற்கு மேலே ஏறும் ஏணி. ஃபிஜியின் பெரிய போட்டிகள் குறுகிய நாட்களுக்குள் நடந்து முடிகிறவை. ஒரு வாரம் கொண்டாட்டம், அப்புறம் அவரவர் வேலை. மாதச் சம்பளம் கொடுத்து, தினமும் பயிற்சி தந்து, எட்டு மாதம் ஆடவைக்கும் அமைப்பு அங்கே அப்போது இல்லை. ராய் கிருஷ்ணா லம்பாசா மாவட்ட அணிக்கு ஆடினார், 2007இல் தேசிய அணிக்கு வந்தார். உள்ளூரில் அதற்கு மேல் போக இடமில்லை.

ஒரு விசா, இரண்டு கோல்

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். அவர் வாழ்க்கையை விளங்கிக்கொள்ள எனக்கு மிகவும் உதவிய சம்பவம் இது. ஆனால் இதன் மையத்தில் இருப்பவர் அவர் இல்லை, ஒரு கோல்கீப்பர்.

2006 டிசம்பரில் ஃபிஜியில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. பதிலுக்கு நியூசிலாந்து, ஃபிஜி ராணுவத்தினரும் அவர்களது குடும்பத்தினரும் தன் நாட்டுக்குள் வரத் தடை போட்டது. 2010 உலகக் கோப்பைக்கான தகுதிச் சுற்றில் ஃபிஜி அணி நியூசிலாந்துக்குப் போய் ஆட வேண்டியிருந்தது. ஃபிஜியின் கோல்கீப்பர் சிமியோனி தமானிசாவுக்கு விசா மறுக்கப்பட்டது. அவர் ராணுவத்தில் இல்லை. அவர் மணக்கவிருந்த பெண்ணின் தந்தை ராணுவத்தில் இருந்தார், அவ்வளவுதான். ஒரு வீரரை அரசியல் காரணத்துக்காகத் தடுத்தால் ஆட்டத்தை அங்கே நடத்த முடியாது என்று ஃபிஃபா சொல்லிவிட்டது. ஆட்டம் தள்ளிப்போனது. கடைசியில் நியூசிலாந்தின் சொந்த மண்ணில் நடக்க வேண்டிய ஆட்டம் 2008 நவம்பர் 19 அன்று ஃபிஜியின் லவுட்டோகாவில் நடந்தது.

ஃபிஜி 2, நியூசிலாந்து 0. இரண்டு கோலும் ராய் கிருஷ்ணா. அவருக்கு வயது 21.

நியூசிலாந்து ஏற்கெனவே அந்தச் சுற்றில் முதலிடத்தை உறுதி செய்திருந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். தோல்வி அவர்களை எதுவும் செய்யவில்லை. 2010இல் தென்னாப்பிரிக்காவுக்குப் போய் மூன்று ஆட்டத்திலும் தோற்காமல் திரும்பினார்கள். ஆனாலும் ஓசியானியா என்ற பசிபிக் கால்பந்துக் கூட்டமைப்பின் பெரிய அணியை ஒரு 21 வயதுப் பையன் தனி ஆளாக வீழ்த்தினான் என்றால், வேறு எந்தக் கண்டத்திலும் அடுத்த வாரமே நான்கு கிளப்புகளின் ஆட்கள் வந்து கதவைத் தட்டியிருப்பார்கள். இங்கே அப்படிக் கூட்டம் கூடவில்லை. அடுத்த ஐந்து ஆண்டுகளும் அவர் நியூசிலாந்தின் உள்ளூர்ப் போட்டிகளில்தான் ஆடினார்.

சில எளிய கணக்குகளைப் பார்த்தால் காரணம் புரியும். அந்தக் காலத்தில் இங்கிலாந்தில் ஆட வேலை உரிமம் வேண்டுமென்றால், வீரரின் நாடு ஃபிஃபா தரவரிசையின் மேல்பகுதியில் இருக்க வேண்டும். ஃபிஜி அதற்கு வெகு கீழேதான் கிடந்தது. ஒரு வீரர் எவ்வளவு நன்றாக ஆடினாலும் அவரது நாட்டின் எண் அவரை வெளியே நிறுத்திவிடும். சரி, பக்கத்திலிருக்கும் ஆஸ்திரேலிய லீக்? அங்கே ஒரு அணிக்கு ஐந்து வெளிநாட்டினர்தான். ஃபிஜிக்காரர் அந்த ஐந்தில் ஒருவர். அந்த இடத்துக்கு பிரேசிலிலிருந்தோ ஸ்பெயினிலிருந்தோ ஆள் எடுக்கலாம் என்றால் லம்பாசாவிலிருந்து யார் எடுப்பார்கள்? போதாக்குறைக்கு ஆஸ்திரேலியாவே 2006இல் ஓசியானியாவை விட்டு ஆசியக் கூட்டமைப்புக்குப் போய்விட்டது. அதோடு ஓசியானியாவில் மிச்சமிருந்தவர்களைத் திரும்பிப் பார்க்கும் காரணமும் உலகத்துக்குக் குறைந்துவிட்டது.

ஆக்லாந்தில் வீணாகாத ஆண்டுகள்

அவர் சேர்ந்த கிளப் வைட்டாகெரே யுனைடெட், ஆக்லாந்தின் மேற்குப் பகுதியைச் சேர்ந்தது. அன்றைய நியூசிலாந்து சாம்பியன்ஷிப் முழுநேரத் தொழில்முறைப் போட்டி இல்லை. ஆடுகிறவர்களில் பலருக்கு வேறு வேலை இருந்தது. வைட்டாகெரே அந்தக் காலத்தில் வலுவான அணி, வரிசையாகப் பட்டங்களை வென்றது. 2013இல் அவர் அதே நகரத்தின் எதிரணியான ஆக்லாந்து சிட்டிக்கு மாறினார்.

இந்த ஆண்டுகளைப் பலரும் அவரது வாழ்க்கையில் 'வீணான காலம்' என்பார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. ஓசியானியாவின் சிறு கிளப்புகளுக்கு உலகம் அப்போது ஒரே ஒரு ஜன்னலைத் திறந்து வைத்திருந்தது. கண்டத்தின் கிளப் சாம்பியனானால் ஃபிஃபா கிளப் உலகக் கோப்பையில் இடம் கிடைக்கும். 2013 டிசம்பரில் மொராக்கோவின் அகடிர் நகரில் ஆக்லாந்து சிட்டியும் அந்த நாட்டுச் சாம்பியனான ராஜா காசாபிளாங்காவும் தொடக்க ஆட்டத்தில் மோதின. மைதானம் முழுக்க ராஜாவின் ஆட்கள். முதல் பாதியில் ராஜா முன்னிலை. இரண்டாம் பாதியில் ராய் கிருஷ்ணா கோல் போட்டுச் சமன் செய்தார். கூடுதல் நேரத்துக்குப் போகும் என்று எல்லோரும் நினைத்திருந்தபோது, காயங்களுக்காகச் சேர்க்கப்பட்ட நிமிடங்களில் ராஜா இன்னொரு கோல் போட்டு 2-1 என்று தப்பித்தது. அதே ராஜா அப்புறம் ரொனால்டினோ இருந்த அட்லெட்டிகோ மினெய்ரோவை வீழ்த்தி, இறுதியில் பேயர்ன் மியூனிக் வரை போனது. அந்தப் பயணம் முதல் ஆட்டத்திலேயே முடிந்துபோகாமல் இருந்தது அந்தக் கடைசி நிமிடக் கோலால்தான்.

அடுத்த மாதம், 2014 ஜனவரியில், ஆஸ்திரேலிய லீக்கில் ஆடும் நியூசிலாந்து அணியான வெலிங்டன் ஃபீனிக்ஸ் அவரை எடுத்தது. முதலில் பருவம் முடியும்வரை ஒரு குறுகிய ஒப்பந்தம். அகடிரில் போட்ட கோல்தான் அவரை அங்கே கொண்டு சேர்த்தது என்று உறுதியாகச் சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு கிளப் ஃபிஜிக்காரருக்கு வெளிநாட்டினர் இடம் ஒன்றைத் தர வேண்டுமானால், உள்ளூர்க் கோல் கணக்கை விட அப்படிப்பட்ட ஒரு ஆட்டம் அதிகம் பேசும்.

வெலிங்டன்: விங்கர் ஸ்ட்ரைக்கரான கதை

ஐந்தரை ஆண்டுகள் அங்கே இருந்தார். ஆரம்பத்தில் பெரும்பாலும் பக்கவாட்டில் ஆடவைத்தார்கள். உயரம் குறைவு, வேகம் அதிகம். இப்படிப்பட்டவர்களைக் கோட்டோரம் நிறுத்துவதுதான் பயிற்சியாளர்களின் பழைய வழக்கம். ஆனால் அவரது பலம் கோட்டோரம் ஓடுவதில் இல்லை. எதிரணியின் பக்கவாட்டு டிஃபெண்டருக்கும் நடு டிஃபெண்டருக்கும் நடுவே ஒரு சந்து எப்போதும் இருக்கும். பந்து வருவதற்கு அரை வினாடி முன்பே அந்தச் சந்துக்குள் கிளம்பிவிடுவது அவர் பலம். இன்னொன்று, பந்து எதிரணியிடம் இருக்கும்போது அவர் சும்மா நிற்க மாட்டார். டிஃபெண்டரைத் துரத்துவார், கோல்கீப்பரைத் துரத்துவார், எண்பதாவது நிமிடத்திலும் துரத்துவார். ஒவ்வொரு ஒப்பந்தத்தையும் போராடி வாங்கியவர் ஓடுவதை நிறுத்த மாட்டார் என்றுதான் எனக்குத் தோன்றும்.

2018-19 பருவத்தில் எல்லாம் கூடி வந்தது. பயிற்சியாளர் மார்க் ரூடன்; பக்கத்தில் ஆஸ்திரேலிய ஸ்ட்ரைக்கர் டேவிட் வில்லியம்ஸ்; பின்னாலிருந்து பந்தை எடுத்துக் கொடுக்க இளைஞர் சர்ப்ரீத் சிங். ராய் கிருஷ்ணா 18 கோல் போட்டு, அதிகக் கோல் போட்டவருக்கான லீக்கின் தங்கக் காலணியை வென்றார். ஆண்டின் சிறந்த வீரருக்கான ஜானி வாரன் பதக்கமும் அவருக்கே. ஃபிஜிக்காரர் ஒருவருக்கு அது கிடைத்தது அதுவே முதல் முறை. ஃபீனிக்ஸ் கிளப்பின் வரலாற்றிலேயே அதிகக் கோல் போட்டவர் என்ற பெயரோடு ஒப்பந்தம் முடிந்து வெளியே வந்தார். வயது 31.

ஒலிம்பிக் பக்கம் திரும்பி ஒரு பார்வை

ஃபிஜி 2016 ஒலிம்பிக்குக்குப் போனதே ஒரு தனிக்கதை. 2015 ஜூலையில் போர்ட் மோர்ஸ்பியில் நடந்த தகுதிப் போட்டியில் நியூசிலாந்துதான் இறுதிக்கு வந்தது. ஆனால் அரையிறுதியில் தென்னாப்பிரிக்காவில் பிறந்த ஒரு வீரரை விதிக்கு மாறாக ஆடவைத்ததாக வானுவாட்டு புகார் செய்தது, நியூசிலாந்து வெளியேற்றப்பட்டது. இறுதியில் வானுவாட்டுவும் ஃபிஜியும் கோலின்றிச் சமனில் முடித்து, பெனால்டியில் ஃபிஜி வென்றது. பயிற்சியாளர் ஆஸ்திரேலியாவின் முன்னாள் தேசியப் பயிற்சியாளர் ஃபிராங்க் ஃபரினா.

ஒலிம்பிக்கில் 23 வயதுக்கு மேற்பட்டவர்கள் மூன்று பேரைச் சேர்த்துக்கொள்ளலாம். ஃபிஜி சேர்த்த மூவரில் ராய் கிருஷ்ணா ஒருவர். இன்னொருவர் சிமியோனி தமானிசாவு, ஒன்பது ஆண்டுகளுக்கு முன் விசா மறுக்கப்பட்ட அதே கோல்கீப்பர். 23 கோல் வாங்கிய அணியில் இருந்தவர் என்று இப்போது அவரைச் சொல்வது எளிது. அவர் ஒலிம்பிக்கில் நின்றார் என்பதை நான் பெரிதாக எடுத்துக்கொள்கிறேன்.

ஜெர்மனியிடம் 10-0 தோல்வி ஆகஸ்ட் 10 அன்று. மறுநாளே ஃபிஜி தன் வரலாற்றின் முதல் ஒலிம்பிக் பதக்கத்தை வென்றது, அதுவும் தங்கம். எழுவர் ரக்பி இறுதியில் பிரிட்டனை 43-7 என்று நொறுக்கியது. தீவு முழுக்கத் தெருவுக்கு வந்து ஆடியது. நியாயமான கொண்டாட்டம்தான், யாரும் குறை சொல்ல முடியாது. ஆனால் மெக்சிகோவை இடைவேளைவரை பின்னால் நிறுத்தி வைத்த அந்த 45 நிமிடங்களைப் பற்றிப் பேச அதற்கப்புறம் யாருக்கும் நேரம் இருக்கவில்லை.

இந்தியா: மூன்று முறை முதலிடம், ஒரு முறையும் காலணி இல்லை

2019 ஜூனில் கொல்கத்தாவின் ஏ.டி.கே. கிளப் அவரை ஒப்பந்தம் செய்தபோது எனக்குப் பெரிய எதிர்பார்ப்பு இல்லை. 2014இல் ஐ.எஸ்.எல். என்ற இந்தியன் சூப்பர் லீக் தொடங்கியதிலிருந்து நாம் பார்த்தது அப்படி. டெல் பியரோ, பிரேஸ், ஃபோர்லான் என்று பெரிய பெயர்கள் கடைசிக் காலத்தில் வந்து, ரசிகர்களுக்கு முகம் காட்டிவிட்டுப் போவார்கள். 31 வயதில் வருகிற ஒருவரையும் அந்தக் கணக்கிலேயே வைத்தேன். தவறு என்னுடையது. அவர்கள் உச்சியிலிருந்து இறங்கும் வழியில் வந்தவர்கள். இவர் இன்னும் ஏறிக்கொண்டிருந்தார்.

கூடவே டேவிட் வில்லியம்ஸும் வந்தார். பயிற்சியாளர் அன்டோனியோ லோபஸ் ஹபாஸ் இருவரையும் ஜோடியாக முன்னால் நிறுத்தினார். வெலிங்டனிலேயே பழகிய ஜோடி. ஒருவர் எங்கே ஓடுவார் என்று மற்றவர் பார்க்கவே வேண்டாம். அரையிறுதியில் பெங்களூருவிடம் முதல் ஆட்டத்தை 1-0 என்று இழந்த ஏ.டி.கே., கொல்கத்தாவின் சால்ட் லேக் மைதானத்தில் நடந்த மறு ஆட்டத்தில் ஆரம்பத்திலேயே இன்னொரு கோலும் வாங்கியது. மொத்தத்தில் இரண்டு கோல் பின்தங்கல். அங்கிருந்து கிருஷ்ணா ஒன்று, வில்லியம்ஸ் இரண்டு. 3-2 என்ற மொத்தக் கணக்கில் இறுதிக்குப் போனார்கள்.

அந்த இறுதி சென்னைக்காரர்களுக்கு மறக்காது. 2020 மார்ச் 14, கோவாவின் ஃபத்தோர்டா, கொரோனா பயத்தில் ஒரு ரசிகர்கூட இல்லாத மைதானம். ஏ.டி.கே. 3, சென்னையின் எஃப்.சி. 1. சென்னையின் அந்த ஒரே கோலைப் போட்டவர் லிதுவேனியாவின் நெரியஸ் வால்ஸ்கிஸ். அது அவருடைய 15வது கோல். ராய் கிருஷ்ணா 15, ஒக்பெச்சே 15, வால்ஸ்கிஸ் 15. விதிப்படி தங்கக் காலணி வால்ஸ்கிஸுக்குப் போனது. கோப்பையைத் தோற்ற வருத்தத்தில் நமக்குக் கிடைத்த ஆறுதல் அது. கிருஷ்ணாவுக்கோ கோப்பை கிடைத்தது, காலணி கிடைக்கவில்லை.

அடுத்த பருவத்தில் ஏ.டி.கே.யும் மோகன் பகானும் ஒன்றாயின, ஈஸ்ட் பெங்காலும் லீக்குக்குள் வந்தது. எல்லா ஆட்டமும் கோவாவில், பூட்டிய கதவுகளுக்குள். 2020 நவம்பர் 27 அன்று வாஸ்கோவின் திலக் மைதானத்தில் ஐ.எஸ்.எல். வரலாற்றின் முதல் கொல்கத்தா டெர்பி, அதாவது மோகன் பகானும் ஈஸ்ட் பெங்காலும் மோதும் ஆட்டம். நூறு ஆண்டுப் பகை, பார்க்க ஒரு ஆள் இல்லை. முதல் கோல் ராய் கிருஷ்ணா. பிப்ரவரியில் இரண்டாவது டெர்பியிலும் முதல் கோல் அவர். 2021 நவம்பரில் அடுத்த பருவத்தின் முதல் டெர்பியிலும் முதல் கோல் அவரே. கொல்கத்தாவில் ஒரு ஸ்ட்ரைக்கரை எதற்காக நினைவு வைத்துக்கொள்வார்கள் என்று கேட்டால், டெர்பி கோலுக்காக. வேறு எதற்காகவும் இரண்டாவதாகத்தான்.

அந்த 2020-21 பருவத்தில் அவர் போட்டது 14. கோவா அணியின் இகோர் அங்குலோவும் 14. குறைந்த நிமிடங்களில் போட்டவர் என்பதால் காலணி அங்குலோவுக்கு. லீக்கின் சிறந்த வீரருக்கான தங்கப் பந்து மட்டும் கிருஷ்ணாவுக்கு வந்தது. பின்னால், 2023-24இல் ஒடிசாவுக்காக 13 கோல். கேரளா பிளாஸ்டர்ஸின் டயமண்டகோஸும் 13. அந்த முறையும் காலணி இன்னொருவருக்கு. மூன்று பருவம் முதலிடத்தில் முடித்து, மூன்று முறையும் சமநிலை விதியில் நழுவவிட்ட ஒருவரை நான் வேறு எந்த லீக்கிலும் பார்த்ததில்லை. ஆனால் இதைத் துரதிர்ஷ்டம் என்று எழுதி முடித்துவிட விருப்பமில்லை. 32 வயதில் 15, 33இல் 14, 36இல் 13. இந்த மூன்று எண்களைத்தான் பார்க்க வேண்டும். ஸ்ட்ரைக்கர்கள் வழக்கமாகக் கோல் குறையத் தொடங்கும் வயது இது.

இதற்கு ஒரு விளக்கம் எனக்கு உண்டு. ஐரோப்பாவிலோ தென் அமெரிக்காவிலோ 18 வயதில் தொழில்முறைக்கு வந்த ஒருவர் 32க்குள் பதினான்கு பருவங்களை ஆடி முடித்திருப்பார். வருடத்துக்கு நாற்பது, ஐம்பது ஆட்டம். ராய் கிருஷ்ணாவின் காலில் அவ்வளவு ஆட்டம் ஏறியிருக்கவில்லை. தாமதம் அவரிடமிருந்து ஒரு பத்தாண்டைப் பறித்தது, ஆனால் கால்களை மிச்சம் வைத்தது. பறித்ததற்கு அது ஈடாகாது. 22 வயதில் அவரைத் தினமும் நல்ல பயிற்சியாளர்களிடம் விட்டிருந்தால் எங்கே போயிருப்பார் என்பதை நாம் ஒருபோதும் பார்க்கப் போவதில்லை. எனக்கு அதுதான் வலிக்கிறது.

யார் ஆசியர்?

2021-22 முதல் ஐ.எஸ்.எல். வெளிநாட்டினர் விதியை இறுக்கியது. மைதானத்தில் நான்கு பேர்; அணி எடுக்கும் வெளிநாட்டினரில் ஒருவராவது ஆசியக் கூட்டமைப்பு நாட்டைச் சேர்ந்தவராக இருக்க வேண்டும். ஆஸ்திரேலியா ஆசியாவில் இருக்கிறது. ஆகவே டேவிட் வில்லியம்ஸ் ஆசியர். அவரது ஜோடியான ராய் கிருஷ்ணா, கரும்புத் தோட்டத்துக்குக் கப்பலேறிய இந்தியர்களின் வழிவந்தவர், ஆசியர் இல்லை. ஃபிஜி ஓசியானியாவில் இருப்பதால் பிரேசில்காரர், ஸ்பெயின்காரர் வரிசையில்தான் அவரும். விதியை எழுதியவர்கள் யாரையும் குறிவைத்து எழுதவில்லை என்பது தெரியும். ஆனாலும் வெலிங்டனில் எந்தக் கணக்கு அவரைச் சுமையாக்கியதோ அதே கணக்கு இந்தியாவிலும் கூடவே வந்தது. ஒவ்வொரு பருவமும், உலகத்தில் யாரை வேண்டுமானாலும் எடுக்கலாம் என்ற இடத்துக்கு, உலகத்தில் உள்ள எல்லோரையும் விட நான் மேல் என்று அவர் காட்ட வேண்டியிருந்தது.

2022இல் மோகன் பகானை விட்டுப் பெங்களூருவுக்கு வந்தார். நமக்கு இங்கே ஒரு சின்ன உறவு உண்டு. காரைக்குடிப் பக்கத்துக் கண்டனூரைச் சேர்ந்த சிவசக்தி நாராயணன் அந்தப் பருவத்தில்தான் பெங்களூருவின் முன்வரிசைக்கு வந்தார். ஒரு பக்கம் சுனில் சேத்ரி, இன்னொரு பக்கம் ராய் கிருஷ்ணா. 21 வயதுப் பையனுக்கு அதைவிட நல்ல பள்ளிக்கூடம் இந்தியாவில் இருந்திருக்க முடியாது. 2022 செப்டம்பரில் மும்பை சிட்டிக்கு எதிரான டியூரண்ட் கோப்பை இறுதியில் பெங்களூரு 2-1 என்று வென்றபோது முதல் கோல் சிவசக்தியுடையது. பருவ முடிவில் லீக்கின் வளரும் வீரர் விருதும் அவருக்கு வந்தது.

2023 மார்ச் 18 அன்று மீண்டும் ஃபத்தோர்டா, மீண்டும் இறுதி. இம்முறை எதிரே அவரது பழைய மோகன் பகான். 78வது நிமிடத்தில் ராய் கிருஷ்ணா தலையால் முட்டிப் பெங்களூருவை 2-1 என்று முன்னால் கொண்டுபோனார். ஏழு நிமிடத்தில் பெட்ராட்டோஸின் பெனால்டியால் சமன். கடைசியில் பெனால்டி ஷூட்டவுட்டில் கோப்பை கொல்கத்தாவுக்கு.

அதன்பின் ஒடிசா. அங்கேதான் அவரது ஆட்டம் முதிர்ந்து தெரிந்தது என்பேன். செர்ஜியோ லோபேரா பந்தைப் பிடித்து ஆடச் சொல்லும் பயிற்சியாளர். 36 வயதில் புதிதாக ஒரு முறையைக் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. கற்றுக்கொண்டார். 2023 நவம்பரில் ஆசியக் கிளப்புகளுக்கான ஏ.எஃப்.சி. கோப்பையில் ஒடிசா, சால்ட் லேக்குக்கே போய் மோகன் பகானை 5-2 என்று வென்ற இரவில் அவரும் ஒரு கோல் போட்டார்.

2024 டிசம்பரில் முழங்கால் தசைநார் கிழிந்தது. 37 வயதில் அந்தக் காயம் வந்தால் பெரும்பாலானவர்கள் பூட்ஸைக் கழற்றி மாட்டிவிடுவார்கள். அவர் கழற்றவில்லை. 2025இல் கேரளத்தின் சூப்பர் லீக்கில் மலப்புரம் எஃப்.சி. சட்டையோடு திரும்பி வந்தார். ஃபிஜி தேசிய அணிக்கு இதுவரை அதிகக் கோல் போட்டவர் அவர்தான்.

2026 ஜனவரியில் ஓசியானியாவின் முதல் தொழில்முறை லீக் தொடங்கியது. எட்டுக் கிளப்புகள், அவற்றில் ஒன்று ஃபிஜியின் புலா எஃப்.சி. லம்பாசாவில் இன்று பந்து உதைக்கும் ஒரு பையன் 18 வயதில் ஒப்பந்தம் வாங்கக்கூடிய இடம், அவன் சொந்த நாட்டின் பெயரிலேயே இருக்கிறது. அது திறந்தபோது ராய் கிருஷ்ணாவுக்கு வயது 38.